கெல்லி கூட்டத்தின் மிச்சத் துண்டுகள்

ஆஸ்திரேலியக் கொள்ளையன் நெட் கெல்லியை மெல்பர்ன் சிறையில் தூக்கிலிட்டது 1880 நவம்பர் 11. அதே நகரின் அதீனியம் அரங்கில் 1906 டிசம்பர் 26 அன்று அவன் கதை திரையேறியது. ‘தி ஸ்டோரி ஆஃப் தி கெல்லி கேங்’ என்ற அந்த மௌனப்படத்தின் நீளம் ஏறத்தாழ 4,000 அடி. பெரும்பகுதி தொலைந்துபோய், 2006இல் துண்டுகளைச் சேர்த்து மீட்டபோது தேறியது சுமார் 17 நிமிடம்.

இவ்வகைத் துண்டுகளில் முதலில் தீர்க்க வேண்டியது வேகம். 35 மி.மீ. சுருளில் அடிக்கு 16 ஃபிரேம், அதாவது தனித்தனிப் படங்கள். நொடிக்கு 16 ஃபிரேம் ஓட்டினால் 4,000 அடி ஒரு மணி ஏழு நிமிடம் வரும். பேசும்படத்தின் 24 ஃபிரேமில் முக்கால் மணிக்குள் முடிந்துவிடும். குதிரைகள் பறக்கும், போலீஸ்காரர்கள் கோமாளிகளாவார்கள். கொள்ளையனை நாயகனாக்கிய படம் இப்படித்தான் சிரிப்புப் படமாகிறது. கேமராவைக் கையால் சுழற்றிய காலம். ஒரே காட்சிக்குள்ளும் வேகம் மாறும். ஆட்கள் நடக்கும் நடையைப் பார்த்துத்தான் முடிவெடுக்க வேண்டும்.

அடுத்தது சுருளின் சிதைவு. அக்காலச் சுருள்களைச் செய்த நைட்ரேட் முதலில் மங்கிப் பழுப்பேறும், பிறகு பிசுபிசுக்கும், கொப்புளிக்கும், கடைசியில் தூளாகும். பிசுபிசுத்த சுருளை அவசரமாகப் பிரித்தால் படம் பதிந்த மேற்பூச்சான இமல்ஷன் அடுத்த சுற்றோடு உரிந்து வந்துவிடும். 1 சதவீதம் சுருங்கினாலே ஓரத் துளைகள் நகலெடுக்கும் பழைய பிரிண்டரின் பற்களில் உட்காராமல் கிழியும். பல்லில்லாத உருளையில் இழுக்கும் ஸ்கேனர்தான் பாதுகாப்பு. நைட்ரேட் தீப்பிடித்தால் தண்ணீருக்குள்ளும் எரியும், எரியத் தேவையான ஆக்சிஜன் அதிலேயே இருக்கிறது.

காட்சி வரிசை இன்னும் சிக்கல். அன்று கதையைச் சொல்ல அரங்கில் ஆள் இருந்தார்; துப்பாக்கிக்கு வெற்றுத் தோட்டா, குளம்படிக்குத் தேங்காய்ச் சிரட்டை. படத்தை மட்டும் பார்த்து வரிசை பிடிக்க முடியாது. கதையை ஆறு காட்சிகளாகச் சொல்லும் நிகழ்ச்சிக் கையேடு ஒன்று தப்பியது பெரிய அதிர்ஷ்டம். அது இருந்தும் ஏமாறலாம். ‘பெர்த் துண்டு’ எனப்படும் ஒரு துண்டில், கெல்லி கூட்டத்தின் பழைய நண்பன் ஆரன் ஷெரிட் சுடப்படுகிறான். பின்னால் இருப்பது வரைந்த திரைச்சீலை என்பது பளிச்சென்று தெரிகிறது. இது வேறொரு படத்தின் துண்டாக இருக்கும் என்பதே இப்போதைய கருத்து. கதை பொருந்துகிறதே என்று ஒட்டிவிடக் கூடாது. பின்னணி, உடை, ஓரத் துளையின் வடிவம் மூன்றையும் சரிபார்த்த பிறகே சேர்க்கலாம்.

1907இல் விக்டோரியா மாநிலத்தின் பெனல்லா, வாங்கரட்டா ஊர்களில் இப்படத்துக்குத் தடை. 1912இல் நியூ சவுத் வேல்ஸ், விக்டோரியா மாநிலங்களில் புஷ்ரேஞ்சர் படங்களுக்கே, அதாவது காட்டுக் கொள்ளையர் படங்களுக்கே, தடை. உள்ளூரில் இப்படித் தடைபட்ட படத்துக்கு 2006இல் கிடைத்த நல்ல பகுதி பிரிட்டனிலிருந்து வந்தது. உள்ளூர்ப் பரண்களோடு தேடலை நிறுத்தாமல், வெளிநாட்டுக் காப்பகங்களில் பெயர் ஒட்டாத டப்பாக்களையும் முதலிலேயே கேட்டு வாங்கிப் பார்ப்பது நல்லது.