ஃபிரிட்ஜோடு சுருதி சேர்த்த கதை

தோழி எடுத்திருக்கும் குறும்படத்தில் ஒரு காட்சிக்குப் பின்னணி இசை அமைத்துக்கொண்டிருக்கிறேன். மொத்தம் 2 நிமிடம் 40 நொடி. மனைவியை இழந்த பெரியவர் ஒருவர் இரவில் சமையலறையில் தனியாக ரசம் சோறு சாப்பிடுகிறார். வசனம் கிடையாது. எவர்சில்வர் தட்டில் விரல் உரசும் ஒலி, மூலையில் ஃபிரிட்ஜின் முனகல், அவ்வளவுதான்.

முதல் வாரம் முழுக்கப் புல்லாங்குழல், கீபோர்டில் வயலின் என்று மாற்றி மாற்றி வாசித்துப் பார்த்தேன். மெட்டு என்று ஒன்று வந்தவுடனேயே, ‘இப்போது அழுங்கள்’ என்று பார்ப்பவரைப் பிடித்துத் தள்ளுவது போல இருந்தது. எல்லாவற்றையும் அழித்துவிட்டு அம்மாவின் தம்புராவை எடுத்தேன். 5 கட்டை சுருதி. ஒவ்வொரு தந்தியையும் தனித்தனியாக மீட்டி, ஒலி முற்றிலும் அடங்கும்வரை பதிவு செய்தேன். விரல் படும் தொடக்கத்தை வெட்டிவிட்டு, மிச்சத்தைக் கணினியில் பாதி வேகத்தில் ஓட்டினேன். வேகம் பாதியானால் சுருதி ஒரு ஸ்தாயி, அதாவது ‘ச’விலிருந்து கீழ் ‘ச’ வரை, இறங்கும். தந்திகளைத் தாங்கும் பாலமான குதிரையில் செருகிய நூல் தரும் ரீங்காரம் புகை போல நீண்டு படர்ந்தது. இதைத்தான் தேடிக்கொண்டிருந்தேன்.

காட்சியோடு சேர்த்துக் கேட்டபோது அடியில் ஒரு துடிப்பு. நொடிக்கு இரண்டு முறை ஏறி இறங்கியது. ஹெட்போனை மாற்றினேன், போகவில்லை. தம்புராவைத் தனியாகக் கேட்டால் இல்லை. படப்பிடிப்பு ஒலியைத் தனியாகக் கேட்டாலும் இல்லை. அலைவரிசைப் படத்தைத் திறந்த பிறகுதான் விளங்கியது. நம் வீட்டு மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். ஃபிரிட்ஜ் அதன் இரட்டிப்பில், 100-இல் முனகுகிறது. தம்புராவின் ஆதார சுரமான ஷட்ஜம் (‘ச’) 196, பாதியாக்கினால் 98. இடைவெளி 2; இரண்டும் சேரும்போது அதுதான் நொடிக்கு இரண்டு துடிப்பாகக் கேட்கிறது. தம்புரா சுருதி சேர்க்கும்போது தந்தியில் கோத்த மணியை நகர்த்தி நகர்த்திக் கரைக்கிறோமே, அதே அலைதான். இங்கே ஃபிரிட்ஜை நகர்த்த முடியாது. ஆகவே தம்புராவின் வேகத்தை 50 சதவீதத்திலிருந்து 51 ஆக்கினேன். 99.96. துடிப்பு அடங்கியது. இசை எங்கே தொடங்குகிறது என்றே தெரியாமல் அந்தச் சமையலறையிலிருந்தே எழுந்து வந்தது. இரவு இரண்டு மணிக்கு மேல், திரும்பத் திரும்ப அதையே கேட்டுக்கொண்டிருந்தேன்.

கைப்பேசி ஒலிபெருக்கியில் இந்த அடி ஒலி ஏறக்குறைய காணாமல் போகிறது. பலரும் அதில்தான் பார்ப்பார்கள் என்பதால் மேல் பஞ்சமத்தை (‘ப’ சுரத்தை) மெல்லியதாகச் சேர்த்தேன். தட்டின் உரசலை மறைக்காத அளவுக்கு மட்டும்.

இன்னும் தீராதது ஓர் இடம். 1:52-இல் ஃபிரிட்ஜ் தானாக நின்றுவிடுகிறது. இசையையும் அங்கேயே நிறுத்திப் பார்த்தேன். வெட்டியது போல இருந்தது. ஃபிரிட்ஜ் நின்ற பிறகும் தம்புரா மட்டும் தொடர்ந்தால், வீட்டில் இருந்த ஒருவர் எழுந்து போய்விட்டது போல இருக்கிறது. இப்போதைக்கு 6 நொடி நீட்டி வைத்திருக்கிறேன். தோழி 4 நொடி போதும் என்கிறாள். ஞாயிற்றுக்கிழமை இரண்டையும் பெரிய ஒலிபெருக்கியில் போட்டுக் கேட்கப்போகிறோம்.