கூம்பு அறையும் பத்து சென்ட் ரேடியோவும்

அரிசோனாவின் ஹோல்புரூக்கில் இருக்கும் விக்வாம் மோட்டலில், அமெரிக்கப் பழங்குடியினரின் கூடாரம் போன்ற அறைகளின் கூம்பு வடிவத்தைத்தான் எல்லோரும் படம் எடுக்கிறார்கள். எனக்குப் பிடித்தது வேறு: ஒவ்வொரு அறையும் தனியாக நிற்கிறது. பக்கத்து அறை டிவி சத்தம் சுவர் வழியாக வராது. காரை வாசலிலேயே நிறுத்தலாம். பழைய டூரிஸ்ட் கேபின்களும் இப்படித்தான் இருந்தன.

ஃபோர்டின் மாடல் டி 1908இல் வந்தபின், சாமானியர்களும் காரில் ஊர் சுற்றக் கிளம்பினார்கள். முதலில் சாலையோரம் கூடாரம் போட்டுத் தூங்கினார்கள். நம் கடைகளில் சாமான் வாங்குவார்களே என்று பல ஊர்கள் இலவசமாக இடம் கொடுத்தன. சிலர் அங்கேயே தங்கிவிட, கட்டணம் வந்தது. அப்புறம் பெட்ரோல் பங்க் வைத்திருந்தவர்களும் விவசாயிகளும் மரக் குடில்களைக் கட்டி வாடகைக்கு விட்டார்கள். பெரும்பாலும் ஒரு கட்டில், ஒரு அடுப்பு, கழிப்பறை வெளியே. ஹோட்டல் போலப் புழுதி படிந்த உடையோடு வரவேற்பறையைக் கடக்க வேண்டாம், டிப்ஸும் வேண்டாம். யாரும் தங்கலாம் என்று மட்டும் சொல்ல முடியாது. கறுப்பின மக்களைப் பல இடங்களில் சேர்க்கவில்லை. எங்கே தங்கலாம் என்று சொல்லும் வழிகாட்டியை, ஹார்லெமில் வாழ்ந்த தபால்காரர் விக்டர் கிரீன் 1936 முதல் வெளியிட வேண்டியிருந்தது.

பல இடங்களில் குடில்களுக்கு நடுவே கார் ஷெட் வந்தது. பிறகு எல்லாம் ஒரே கூரைக்குள் போய்விட்டது.

ஹோல்புரூக்கில் அப்படி ஆகாததற்குக் காரணம் இந்தக் கூம்பு வடிவத்தை உருவாக்கிய, கென்டக்கியின் ஃபிராங்க் ரெட்ஃபோர்ட். கூம்பையும் கூம்பையும் எப்படி ஒட்டுவது? கென்டக்கியின் கேவ் சிட்டியில் அவர் 1937இல் கட்டியதைப் பார்த்த செஸ்டர் லூயிஸ், அதே வடிவத்தை வாங்கி 1950இல் இங்கே கட்டினார். உரிமைத்தொகை வசூலித்த விதம்தான் அருமை: அறையில் காசு போட்டுக் கேட்கும் ரேடியோ. விருந்தினர் போடும் பத்து சென்ட் நாணயங்கள் ரெட்ஃபோர்டுக்கு. இந்தப் பக்கத்து நவஹோ பழங்குடி மக்களின் பாரம்பரிய வீடு ஹோகன். கூம்புக் கூடாரம் பெருஞ்சமவெளிப் பழங்குடியினருடையது. ரெட்ஃபோர்ட் அதையெல்லாம் பார்த்த மாதிரி தெரியவில்லை. ஓடும் காரை பிரேக் போட வைத்தால் போதும்.

மோட்டல் இருந்த 66ஆம் எண் சாலையை விட்டு விலகி 40ஆம் எண் நெடுஞ்சாலை போனதும் அந்த பிரேக்கும் நின்றது. 1974இல் லூயிஸ் மோட்டலை மூடினார். அவர் இறந்த பிறகு, 1988இல் பிள்ளைகள் மறுபடி திறந்தார்கள்.

தங்கப் போகிறவர்களுக்கு: சுவர் உள்பக்கம் சாய்ந்தே வரும். உயரமானவர்கள் தலையைப் பார்த்துக்கொள்ளுங்கள்.