மைக் முன்னால் சினிமா நடிகர்

திரையில் பழகியவர் ஜப்பானிய அனிமே டப்பிங்குக்கு வந்தால் முதலில் தடுமாறுவது கையிலுள்ள வசனத் தாளில்தான். பத்துப் பேருக்கு மேல் இருந்தாலும் மைக் மூன்று, நான்குதான். தன் வசனத்துக்குச் சத்தமில்லாமல் முன்னே வந்து, முடிந்ததும் விலக வேண்டும். பக்கம் புரட்டும் சரசரப்பு விழுந்தால் அந்த டேக் போச்சு. சட்டை உரசினாலும் அதே கதி.

பல நேரம் படமே முடிந்திருக்காது. வெறும் கோட்டோவியம், பேசவேண்டிய நேரத்துக்கு மட்டும் பாத்திரத்தின் பெயர் திரையில் தெரியும். முகபாவத்தை நம்பிப் பேசுபவர் இங்கே திணறிவிடுவார்.

சம்பளம்? ஜப்பான் நடிகர் சங்கத் தரவரிசைப்படி, புதியவருக்கு 30 நிமிட எபிசோடுக்கு 15,000 யென் என்பது நெடுநாள் கணக்கு. ஒரு வரி பேசினாலும் நூறு வரி பேசினாலும் அவ்வளவுதான். தரவரிசையில் உயர்ந்தால் தொகை கூடும். கூடவே, செலவுக்கு அஞ்சும் தயாரிப்பாளர் புதியவரைத் தேடிப் போகும் வாய்ப்பும்.