எங்கட எண்ணெய் மில்லைப் பற்றி விக்கிபீடியாவில எழுதின அனுபவம்

யாழ்ப்பாணத்துச் சுன்னாகத்தில நாங்கள் மூண்டு தலைமுறையா நல்லெண்ணெய் மில் நடத்துறம், அப்பப்பா மாட்டுச் செக்கோட துவங்கினவர், இப்ப போத்தில்ல அடைச்சு வெளிநாட்டுக்கும் போகுது. அங்க வாங்கிற ஆக்கள் முதல்ல கூகிள்லதான் தேடுகினம் எண்டதால இங்கிலீஸ் விக்கிபீடியாவில ஒரு கட்டுரை வேணும் எண்டு அண்ணை ஒற்றைக்கால்ல நிண்டார். வேலை என்ர தலையில.

சொந்தக் கொம்பனியைப் பற்றி எழுதுறது முழுத்தடை இல்ல, ஆனா விக்கிபீடியா ஆக்கள் அதை விரும்பமாட்டினம். எழுதுறதெண்டால் நான் இந்தக் கொம்பனி ஆள் எண்டு வெளிப்படையாச் சொல்லவேணும், சம்பளத்துக்கு எழுதுற ஆக்களுக்கு 2014 இல இருந்து அது விக்கிபீடியாவை நடத்துற விக்கிமீடியாவின்ர பாவனை விதியிலயே இருக்கு. மில்லின்ர பேரில கணக்குத் திறந்தால் பூட்டிப்போடுவினம். நான் என்ர பயனர் பக்கத்தில எந்த மில், எனக்கு அங்க என்ன வேலை எண்டு எழுதிப்போட்டுத்தான் வரைவைத் துவங்கினன். வரைவாக் குடுத்தால் சம்பந்தமில்லாத ஒராள் பாத்துத்தான் கட்டுரையா விடுவார்.

பேந்துதான் உண்மையான வேலை. ஒரு கொம்பனிக்குக் கட்டுரை வேணுமெண்டால் அதைப் பற்றி கொம்பனிக்கு வெளியில இருக்கிற ஆக்கள், நம்பக்கூடிய இடத்தில, விரிவா எழுதியிருக்கவேணும், அதுவும் ஒண்டு காணாது. வீட்டில ஒரு பெட்டி நிறையக் கடதாசி இருந்தது, கும்பாபிசேக மலர், பள்ளிக்கூட ஆண்டு மலர், எல்லாத்திலயும் எங்கட விளம்பரம். காசு குடுத்துப் போட்ட விளம்பரம் ஆதாரமாகாது. புது மெசின் பூட்டின செய்தி பேப்பரில வந்தது, அது நாங்கள் எழுதிக் குடுத்ததை அப்பிடியே போட்டது, அதையும் எடுக்கேலாது. ஐயா சொல்ற கதையள் முழுக்க உண்மை, எனக்கு அதில சந்தேகமே இல்ல, ஆனா அச்சில வராததை அங்க எழுதேலாது.

விதி சரியான விதிதான், இல்லாட்டி ஆளாளுக்குத் தங்கட கடையைப் புகழ்ந்து எழுதி நிரப்பிப்போடுவினம். ஆனா யாழ்ப்பாணத்தில இருந்து பாக்கேக்க மனம் நோகுது. 1981 இல பொது நூலகத்தை எரிச்சவை, 1995 இல எங்கட வலிகாமம் பகுதி முழுக்க இடம்பெயரேக்க கணக்குப் புத்தகம், பேப்பர் வெட்டி ஒட்டின கொப்பி எல்லாத்தையும் விட்டிட்டுத்தான் எங்கட வீட்டாக்கள் போனவை. எங்களை மாதிரி எத்தனை சுருட்டுக் கொட்டில், சோடாக் கொம்பனி, அச்சகம், அதுகளைப் பற்றி ஆரோ எழுதித்தான் இருப்பினம், அந்தத் தாள் இப்ப எங்க?

கைகுடுத்தது நூலகம் நிறுவனத்தின்ர இணையத்தளம். 2005 இல துவங்கினது, பழைய பேப்பர், சஞ்சிகை, மலர் எண்டு ஸ்கான் பண்ணி எல்லாரும் சும்மா வாசிக்க வைச்சிருக்கினம். இரவிரவாத் தேடி, செக்குத் தொழிலைப் பற்றி ஒரு பத்திரிகையாளர் எழுதின நீளமான கட்டுரை கிடைச்சது, அதில எங்கட மில்லுக்கு ஒரு பக்கம் கிட்ட. பேந்து கம்பஸ் ஆய்வு ஒண்டு. ரெண்டும் தமிழ். இது கனபேருக்குத் தெரியாது, இங்கிலீஸ் விக்கிபீடியா தமிழ் ஆதாரத்தையும் ஏற்கும், நெற்றில இல்லாத பேப்பர் எண்டாலும் பேர், திகதி, பக்கம் சரியாப் போட்டால் காணும்.

வரைவு காத்துக்கொண்டு கிடக்கேக்க காசு தந்தால் ஏத்தித்தாறம் எண்டு ஈமெயில் வந்தது. தயவுசெய்து குடுக்காதேங்கோ. 2015 இல இங்கிலீஸ் விக்கிபீடியாவில 381 கணக்கை ஒரேயடியாப் பூட்டினவை, வரைவு நிராகரிக்கப்பட்ட சின்னக் கொம்பனியளைத் தேடிப்பிடிச்சுக் காசு பறிச்ச கூட்டம் அது.

கடைசியா வந்த கட்டுரை சின்னன். தரமான, புகழ்பெற்ற எண்ட சொல் ஒண்டும் இல்ல, அண்ணைக்கு முகம் கறுத்துப்போச்சு. நாளைக்கு மில்லில ஏதும் பிரச்சினை எண்டு பேப்பரில வந்தால் அதையும் ஆரும் சேர்ப்பினம், நாங்கள் அழிக்கேலாது, பிழை இருந்தால் கட்டுரையோட இருக்கிற பேச்சுப் பக்கத்தில ஆதாரத்தோட திருத்தச் சொல்லிக் கேக்கலாம் எண்டு அவருக்கு விளங்கப்படுத்தினன். கூட்டி எழுதச் சொல்லி அவர் இன்னும் கேக்கிறார், நான் மாட்டன் எண்டிட்டன்.

பெட்டியில இருந்த மலர்களை இப்ப ஸ்கான் பண்ணக் குடுக்கப்போறன். எங்கட விளம்பரத்துக்குப் பக்கத்துப் பக்கத்தில வேற ஆற்றையோ கடையைப் பற்றி ஒழுங்கா ஒரு கட்டுரை இருக்கலாம், அவைக்கு உதவும்.