நிலாவில் உளி பட்ட இரவு

மலேசியாவின் சுங்கை சிப்புட்டில் ஒரு தமிழ்ப்பள்ளியில் ஐந்தாம் ஆண்டு மாணவர்களுக்கு 2018 ஜனவரியில் ஒரு கற்பனைக் கட்டுரை கொடுத்தேன். நம் உலகத்தில் இல்லாத ஒரு நாடு. அங்கே நிலா என்ன செய்யும்? அவ்வளவுதான் தலைப்பு. சிலர் இரண்டு நிலா, மூன்று நிலா வைத்தார்கள். ஒரு பையன் நிலாவில் பேரங்காடி கட்டியிருந்தான். ஒரு சிறுமி மட்டும் நிலாவைப் பால்மரமாக்கியிருந்தாள், அதாவது ரப்பர் மரமாக.

அவளுடைய நாட்டில் பௌர்ணமிக்கு மறுநாள் ஒரு பாட்டி உளியோடு ஏறி, நிலாவின் ஓரத்தில் சாய்வாக ஒரு கோடு வெட்டுவாள். வெளிச்சம் சொட்டுச் சொட்டாக மங்கில், பால் பிடிக்கும் கிண்ணத்தில், இறங்கும். அதை வாளியில் ஊற்றிக் கீழே கொண்டுவந்தால் வீடு வீடாக விளக்கு எரியும்.

நான் சிவப்புப் பேனாவால் 'கருத்துப் பொருத்தமில்லை' என்று எழுதினேன். தேர்வில் புள்ளி குறையக்கூடாதே என்ற அக்கறைதான். ஆனாலும் அந்த இரண்டு சொல்லை நினைத்தால் இன்றும் மனசு கஷ்டப்படுகிறது.

நோட்டை வாங்கிக்கொண்டு அவள் போகவில்லை. சரி, கேட்போமே என்று கேட்டேன். "தினமும் வெட்டினா நிலா தீர்ந்துபோயிராதா?"

"அதான் டீச்சர் தேய்பிறை. பதினஞ்சு நாள் சீவுவாங்க. அப்புறம் விட்டுருவாங்க. பட்டை திரும்ப வளரும்ல, அது வளர்பிறை."

எனக்குப் பதில் வரவில்லை. மேலும் கேட்கக் கேட்க அந்த உலகம் விரிந்துகொண்டே போனது. பகலில் தெரியும் நிலா ஏன் வெளிறிக் கிடக்கிறது? வெயில் ஏறினால் பால் நின்றுவிடும். நட்சத்திரம்? சிந்தித் தெறித்துக் காய்ந்த கோட்டுப்பால், வெட்டிய கோட்டில் ஒட்டி உலரும் பால். எதில் ஏறிப் போகிறாள் பாட்டி? மூத்த மரத்தில். அது கோலகங்சார் மரம் என்று எனக்கு உடனே தெரிந்தது. 1877-இல் சிங்கப்பூருக்கு வந்த 22 ரப்பர் கன்றுகளில் 9 கோலகங்சாரில் நடப்பட்டன. அவற்றில் ஒன்று இன்னும் நிற்கிறது. பள்ளிச் சுற்றுலாவில் அதைக் காட்டியிருந்தோம். பிள்ளைகள் நிழலில் நின்று ரொட்டி தின்றார்கள், அவ்வளவுதான் என்று நினைத்திருந்தேன்.

இவளுக்கு இதெல்லாம் எங்கிருந்து வந்தது? அவர்கள் இருந்த தோட்டத்தில் பால்மரம் போய்ச் செம்பனை என்ற எண்ணெய்ப்பனை வந்து வெகுகாலம் ஆகிவிட்டது. பால் பிடிக்கும் மங்கு ஒன்றை அவள் கையால் தொட்டதுகூட இல்லை. எல்லாம் அவள் பாட்டியின் சொற்கள். தலையில் விளக்கைக் கட்டிக்கொண்டு, இருட்டு பிரியுமுன் நிரையில், அதாவது மர வரிசையில், இறங்கிய பாட்டி. விடியற்காலையில் மரத்துக்குள் நீரழுத்தம் அதிகம், அதனால் பால் நன்றாக இறங்கும். சூடு ஏறினால் குறையும். அந்த அம்மா இதைப் புத்தகத்தில் படிக்கவில்லை. பேத்தி அதை நிலாவுக்குச் சட்டமாக்கிவிட்டாள். மாயம் என்றால் கட்டுப்பாடே இல்லாதது என்றுதான் அதுவரை சொல்லிக்கொடுத்து வந்தேன். இவளுடைய மாயத்தில் ஒவ்வொன்றுக்கும் காரணம் இருந்தது. நான் பாராட்டிப் புள்ளி போட்ட கட்டுரைகளில் அது இல்லை.

அந்த மாதம் 31-ஆம் தேதி தைப்பூசம். அன்றிரவே முழுச் சந்திர கிரகணம். கோயில் நடை எப்போது சாத்துவார்கள், எப்போது திறப்பார்கள் என்று வீட்டுக்கு வீடு அதே பேச்சு. இரவு 8.51-க்கு நிலா முழுக்க நிழலுக்குள் போய், 10.07 வரை உள்ளேயே இருந்தது. எங்கள் வீட்டு வாசலில் மேகம் விலகும்போதெல்லாம் பார்த்தோம். பழைய செங்கல் நிறம்.

மறுநாள் வகுப்பில் விளக்கினேன். சூரிய ஒளி பூமியின் காற்றுமண்டலத்தின் ஓரத்தில் நுழைந்து வளைகிறது. நீலம் வழியிலேயே சிதறிவிடுகிறது. சிவப்புதான் நிலாவரை போய்ச் சேர்கிறது. அந்த நேரத்தில் உலகத்தில் எங்கெல்லாம் விடிகிறதோ, எங்கெல்லாம் அந்தி சாய்கிறதோ, அத்தனை வெளிச்சமும் சேர்ந்துதான் அந்தச் சிவப்பு. இதைச் சொல்லும்போது எனக்கே உடம்பு சிலிர்க்கும்.

அப்புறம் அவளிடம் கேட்டேன், "உன் நாட்டுல ஏன் சிவந்துச்சு?"

யோசிக்கவே இல்லை. "உளி ஆழமாப் பட்டிருச்சு டீச்சர். காயம்."

பால்மரத்தில் பட்டையை மட்டும்தான் சீவ வேண்டும். கொஞ்சம் ஆழம் போனால் மரத்துக்குக் காயம். அந்த இடத்தில் பட்டை திரும்ப ஒழுங்காக வளராது. கங்காணியின் ஏச்சு ஒரு பக்கம். அதைவிட, காயம் போட்டுவிட்டோமே என்று வீட்டுக்கு வந்தும் பாட்டிக்குச் சோறு இறங்காதாம். அவள் நாட்டில் நிலா சிவந்தால் உளியை எல்லாரும் கழுவி வைத்துவிடுவார்கள். ஆறும்வரை யாரும் ஏறக்கூடாது. அத்தனை வீட்டிலும் இருட்டு. யாரும் முணுமுணுக்க மாட்டார்கள்.

அவள் நோட்டைத் திரும்ப வாங்கி, நான் எழுதிய இரண்டு சொல்லையும் அடித்தேன். அதன்பிறகு ஒவ்வோர் ஆண்டும் இந்தக் கட்டுரைக்கு முன் பிள்ளைகளைப் பாட்டி தாத்தாவிடம் அனுப்புகிறேன். வேலையைப் பற்றிப் பத்துச் சொல் கேட்டு வரவேண்டும். சிலர் மூன்றோடு வருவார்கள். சிலருக்குக் கேட்க ஆளே இல்லை. அவர்களுக்கு அந்தப் பாட்டியின் சொற்களை நான் தருகிறேன்.

2025 செப்டம்பர் 8, அதிகாலை. மீண்டும் ஒரு முழுக் கிரகணம், 1.30-க்குத் தொடங்கியது. வாசலில் நின்றுகொண்டிருந்தேன். கைப்பேசி ஒலித்தது, அவளுடைய குறுஞ்செய்தி. பதினெட்டு வயதுப் பெண்ணாகிவிட்டாள் இப்போது.

"டீச்சர், ஆழமாப் பட்டிருச்சு."

"எப்ப ஆறும்மா?" என்று எழுதினேன்.

"மூணு மணிக்குள்ள ஆற ஆரம்பிச்சிரும் டீச்சர். நான் முழிச்சிருக்கேன், நீங்க தூங்குங்க."