இருக்கிற ஃபைலை இல்லை என்றது கம்ப்யூட்டர்

கோட்டையூரில் ஓர் ஆச்சியின் பலகாரக் கடையில் கணக்கு எழுதுகிறேன். சென்னைக் கல்யாணம் ஒன்றுக்குத் தேன்குழல், மனகோலம், மாவுருண்டை எல்லாம் டின் டின்னாகக் கட்டியாயிற்று. விடிகாலைப் பல்லவன் ரயிலில் பெண் வீட்டார் எடுத்துப்போக வேண்டும். சாயங்காலம் பில் போடலாம் என்று உட்கார்ந்தால் பில் புரோகிராம் திறக்கவில்லை. எம்எஸ்விசிபி140.டிஎல்எல் காணவில்லை என்று ஒரு பெட்டி. ஓகே கொடுத்தால் விசிரன்டைம்140.டிஎல்எல்லும் காணவில்லை என்று இன்னொரு பெட்டி. புரோகிராமை மறுபடி நிறுவினால் சரியாகலாம் என்று கீழே ஒரு வரி. நிறுவிக் கொடுத்தவர் மதுரைக்காரர், ஃபோனை எடுக்கவில்லை.

சி டிரைவில் விண்டோஸ் ஃபோல்டருக்குள் சிஸ்டம்32-ஐத் திறந்து தேடினேன். அங்கே இரண்டு ஃபைலும் இருக்கின்றன! கண் முன்னால் இருப்பதை இல்லை என்கிற கம்ப்யூட்டரை என்ன செய்வது?

சரி, கைக்கெட்டும் இடத்தில் வைத்துவிடுவோம் என்று இரண்டையும் காப்பி எடுத்து பில் புரோகிராமின் ஃபோல்டரிலேயே போட்டேன். பழைய பெட்டிகள் போய் 0எக்ஸ்சி000007பி என்று புதிதாக ஒன்று வந்தது. விண்டோஸின் சொந்த ஃபைல்களைச் சரிபார்க்கும் எஸ்எஃப்சி ஸ்கேன்நவ் கட்டளையையும் ஓட்டினேன். அரை மணி நேரம் ஓடி, ஒரு கோளாறும் இல்லை என்றது. அது சொன்னது சரிதான். காணாமல் போனவை விண்டோஸோடு வந்தவை அல்ல, விஷுவல் சி பிளஸ் பிளஸ் ரன்டைம் என்று தனியாக நிறுவுகிற தொகுப்பில் வருபவை. அவற்றை அந்தக் கட்டளை தேடவே தேடாது.

“என்ன தம்பி, பேயறைஞ்ச மாதிரி உக்காந்திருக்க?” என்றார் ஆச்சி. எனக்குத் தெரிந்த மாதிரி சொன்னேன். டிஎல்எல் என்பது பல புரோகிராம்கள் பொதுவாகப் புழங்கும் சாமான். எழுத்தைத் தேடுவது, கணக்குப் போடுவது மாதிரி எல்லோருக்கும் வேண்டிய வேலைகளை ஆளாளுக்குத் தனியாகச் சுமக்காமல் ஓர் இடத்தில் வைத்துப் புழங்குவார்கள். வேண்டியதைப் புரோகிராம் முதலில் தன் ஃபோல்டரில் தேடும், அங்கே இல்லாவிட்டால்தான் பொது இடத்துக்குப் போகும்.

“எங்க வளவு வீடு மாதிரின்னு சொல்லு. பங்காளிக்கு ஆளுக்கொரு அறை, விசேஷத்துக்கு எடுக்கிற அண்டா எல்லாருக்கும் பொது. எவனோ ஒருத்தன் சொல்லாமக் கொள்ளாம அதக் கொண்டுபோய் முனீஸ்வரன் கோயில் தெருவுல போட்டிருப்பான்” என்றார். காரைக்குடியில் பழம்பொருள் கடைகள் இருக்கும் தெரு அது.

எனக்குச் சுருக்கென்றது. போட்டவன் நான்தான். இரண்டு நாளைக்கு முன் ஹார்ட் டிஸ்க் நிறைந்துவிட்டதென்று கன்ட்ரோல் பேனலில் களை எடுத்தேன். விஷுவல் சி பிளஸ் பிளஸ் ரீடிஸ்ட்ரிபியூட்டபிள் என்று ஒரே பெயரில் ஏழெட்டு வரிகள். மேலே சொன்ன ரன்டைம் தொகுப்பின் பெயர்தான் அது. சிலவற்றின் பக்கத்தில் எக்ஸ்64, சிலவற்றில் எக்ஸ்86 என்றிருந்தது. இது 64 பிட் கம்ப்யூட்டர்தானே, எக்ஸ்86 எதற்கு என்று அவற்றை மட்டும் நீக்கியிருந்தேன். அதில் மிச்சமான இடம் ஒரு கல்யாண வீடியோவின் ஓரத்துக்குக்கூடக் காணாது.

எக்ஸ்86 என்றால் 86 பிட் இல்லை, 32 பிட். பிட் கணக்கு என்பது கம்ப்யூட்டர் ஒரே மூச்சில் கையாளும் தகவலின் அளவு; 32 பழைய ரகம், 64 புதிய ரகம். எங்கள் பில் புரோகிராம் 32 பிட் ரகம். 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32 ஃபோல்டரில் இருப்பவை 64 பிட் ஃபைல்கள். 32 பிட் ஃபைல்கள் இருப்பதோ சிஸ்வாவ்64 ஃபோல்டரில். பெயர் வைத்தவரை என்ன சொல்ல! பழைய புரோகிராம்கள் கெட்டுப்போகக் கூடாதென்று பழைய பெயரையே விட்டுவிட்டார்களாம். 32 பிட் புரோகிராம் சிஸ்டம்32-ஐக் கேட்டால் விண்டோஸ் சத்தமில்லாமல் சிஸ்வாவ்64 பக்கம் திருப்பிவிடும். அங்கே நான் துடைத்து வைத்திருந்தேன். நான் காப்பி எடுத்துப் போட்டது 64 பிட் ஃபைல், 32 பிட் புரோகிராமுக்குள் அது ஏறாது. அதற்குத்தான் அந்த 000007பி.

முதலில் புரோகிராம் ஃபோல்டரில் போட்ட இரண்டு காப்பியையும் அழித்தேன். அழிக்காவிட்டால் முதலில் அவைதான் கண்ணில் படும், அதே தகராறு வரும். அப்புறம் மைக்ரோசாஃப்ட் தளத்துக்கே போய் எக்ஸ்86 ரீடிஸ்ட்ரிபியூட்டபிளை இறக்கினேன். இருபது எம்.பி. கூட இல்லை. 140 என்று முடியும் ஃபைல்களுக்கு, விஷுவல் சி பிளஸ் பிளஸ்ஸின் 2015 முதலான பதிப்புகளுக்குப் பொதுவான ஒரே தொகுப்பு போதும். 120 என்றால் 2013, 100 என்றால் 2010, அவற்றைத் தனித்தனியாகப் போட வேண்டும். பட்டியலில் ஏழெட்டு வரி இருந்ததும் அதனால்தான். தேடும்போது ஒற்றை டிஎல்எல்லை இலவசமாகத் தருகிறோம் என்று பல தளங்கள் வந்து நின்றன. யார் வைத்த ஃபைல், எந்த ரகம், உள்ளே என்ன என்று தெரியாததைக் கணக்குக் கம்ப்யூட்டரில் போட எனக்கு மனசு வரவில்லை.

நிறுவி, ஒரு தடவை ரீஸ்டார்ட் செய்தேன். புரோகிராம் திறந்தது. பிரிண்டரிலிருந்து பில் வரும்போது மணி ஒன்பதரை. ஆச்சி கண்ணாடியை மாட்டிக்கொண்டு மேலிருந்து கீழே விரலால் தடவிப் படித்தார்.

“சீப்புச்சீடைய விட்டுட்டியே தம்பி.”