டனிச் குறிப்புகள்

நவம்பர் 4

வந்து சேர்ந்தாயிற்று. சீட்பெல்ட் நெஞ்சு ஆபரேஷன் தையலில் படாமல் நடுவில் சின்னத் தலையணை வைத்து, வழி முழுக்க அவர் தூங்கிக்கொண்டே வந்தார். இங்கிலாந்தின் கிழக்குக் கடலோரம். ஊர் என்றால் ஒரு தெரு, ஒரு தேவாலயம், ஒரு பப், கடற்கரையில் ஒரு மீன் வறுவல் கடை. அவ்வளவுதான். பலகையில் டன்விச் என்று படிக்கிற மாதிரி எழுதியிருக்கிறது, ஆனால் வாயில் டனிச். வீட்டிலிருந்து கடல் தெரியவில்லை, இரைச்சல் மட்டும் கேட்கிறது.

நவம்பர் 5

இரவில் மூன்று தடவை எழுந்து அவர் மூச்சு விடுகிறாரா என்று பார்த்தேன்.

நவம்பர் 6

வாடகை வீட்டு அலமாரியில் இந்த ஊர் வரலாறு பற்றி இரண்டு புத்தகங்கள் இருந்தன. மத்தியானம் அவர் தூங்கும்போது எடுத்தது, மாத்திரை நேரத்தைக்கூடப் பத்து நிமிஷம் தவறவிட்டேன். 1086-இல் டூம்ஸ்டே என்ற நில, வரிக் கணக்கெடுப்பு நடந்தபோதே இங்கே சுமார் 3000 பேர், மூன்று தேவாலயங்கள். ராஜாவுக்குக் கட்ட வேண்டிய வரி 68,000 ஹெர்ரிங் மீன். அதே கணக்கில் இன்னொரு வரியும் இருக்கிறது: முன்பு இரண்டு ஏர் நிலம் இருந்தது, இப்போது ஒன்றுதான், மற்றதைக் கடல் கொண்டுபோய்விட்டது. வரி போட வந்த கணக்குப்பிள்ளை அதையும் எழுதிக்கொண்டு போயிருக்கிறான். அப்படியென்றால் ஊர் வளர்ந்து பெரிதாவதற்கு முன்பே அது கரைந்துகொண்டிருந்தது, எல்லோருக்கும் தெரிந்தும் இருந்தது. தெரிந்துதான் அதற்குப் பிறகும் தேவாலயம் தேவாலயமாகக் கட்டி எட்டு வரைக்கும் கொண்டுபோனார்கள்.

இதை அவரிடம் படித்துக் காட்டினேன். "மேட்டுக்குப் போய்ப் பார்த்துட்டு வந்து சொல்லு" என்றார். அவருக்குக் கடலோர மேடு ஏற இன்னும் அனுமதி இல்லை.

நவம்பர் 7

போனேன். கிரேஃப்ரையர்ஸ் மடத்துச் சுவரை ஒட்டி ஒரு பாதை, ஒரு பக்கம் புதர், அந்தப் பக்கம் நேரே சரிவு. பாறை என்று நினைத்துப் போனால் வெறும் மணலும் சரளையும்தான். கீழே இறங்கிப் போய் அடிவாரத்தில் ஒரு விரலால் தொட்டேன், அரிசி மூட்டையில் ஓட்டை விழுந்த மாதிரி சரசரவென்று கொட்டியது, பயந்து கையை எடுத்துவிட்டேன். மேலே விளிம்பில் மரவேர்கள் அந்தரத்தில் தொங்குகின்றன.

மேட்டுப் பாதையில் புதருக்குள் ஒரு கல்லறைக் கல். ஜேக்கப் ஃபோர்ஸ்டர், 1796. ஆல் செயின்ட்ஸ் தேவாலயத்தின் இடுகாட்டில் மிஞ்சியது இது ஒன்றுதான். தேவாலயம் 1904-இல் விளிம்புக்கு வந்தது, அடுத்த இருபது வருஷத்துக்குள் கோபுரமும் போயிற்று, அப்போதெல்லாம் மண்சரிவிலிருந்து எலும்புகள் நீட்டிக்கொண்டிருந்தனவாம்.

அவரிடம் கல்லைப் பற்றிச் சொன்னேன், எலும்பைப் பற்றிச் சொல்லவில்லை.

நவம்பர் 8

கல் இருக்கிறது.

நவம்பர் 9

ஒரே இரவில் கடல்கோள் வந்து ஊர் போயிற்று என்றுதான் நானும் நினைத்திருந்தேன். அப்படி இல்லை. 1286-லும் 1287-லும் அடுத்தடுத்துப் புயல். பிரான்சிஸ்கன் துறவிகள் கடலோரத்து மடத்தை விட்டு 1290 வாக்கில் மேற்கே தள்ளி இன்றைக்கு நாம் பார்க்கிற கிரேஃப்ரையர்ஸ் இடத்துக்கு வந்துவிட்டார்கள். 1328-இல் வந்த புயல்தான் கழுத்தை நெரித்தது. அது வீடுகளைக் கொண்டுபோனதைவிடத் துறைமுகத்தின் வாயை அடைத்ததுதான் பெரிய கேடு. கடல் கூழாங்கற்களைத் தள்ளிக்கொண்டு வந்து குவித்து, ஆற்று முகத்துவாரம் வடக்கே வால்பர்ஸ்விக் பக்கம் நகர்ந்துவிட்டது. கப்பல் அங்கே போனால் சுங்கமும் அங்கேதான், அதற்காக ஊருக்கு ஊர் அடிதடி. கம்பளியும் மீனும் கப்பல் கட்டுவதுமாக இருந்த ஊர். வருமானம் நின்ற பிறகு யார் கரையைக் காப்பாற்றச் செலவு செய்வார்கள்? 1347-இல் இன்னும் ஒரு 400 வீடு போயிற்று. 1677-இல் கடல் சந்தைத் திடலுக்கே வந்துவிட்டது.

இன்று கடற்கரையில் வடக்கே கொஞ்சம் நடந்து பார்த்தேன். அந்த ஆறு இப்போதும் கூழாங்கல் மேட்டுக்குப் பின்னால் சதுப்பு நிலத்தில் கடலுக்குப் பக்கத்திலேயே ஓடுகிறது, கடலில் சேர வழியில்லாமல் வால்பர்ஸ்விக் வரைக்கும் போகிறது. இதயத்துக்குப் போகும் குழாய் அடைத்துக்கொண்டால் மாற்றுவழி போடுவோம் என்று அந்த டாக்டர் தாளில் படம் வரைந்து காட்டியது ஞாபகம் வந்தது, உடனே திரும்பிவிட்டேன்.

நவம்பர் 10

ஆஸ்பத்திரிக்குப் போன் போட்டு முக்கால் மணி நேரம் காத்திருந்து கடைசியில் வெள்ளிக்கிழமை தெரியும் என்றார்கள். வெள்ளிக்கிழமை என்பது எங்களுக்கே தெரியும். யாரோடும் பேசப் பிடிக்கவில்லை.

ராத்திரி அவர்தான் பேச்சை மாற்றினார். 1832 வரைக்கும் இந்த ஊரிலிருந்து பாராளுமன்றத்துக்கு இரண்டு உறுப்பினர்கள் போனார்கள், கடைசியில் வாக்காளர்கள் 32 பேர், மான்செஸ்டருக்கு ஒரு உறுப்பினர்கூடக் கிடையாது என்று வாசித்தேன். அவருக்குச் சிரிப்பு வந்துவிட்டது, "வேணாம்மா, தையல் இழுக்குது" என்று தலையணையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டார். ஆஸ்பத்திரியை விட்டு வந்த பிறகு அவர் சிரித்து இன்றுதான் பார்க்கிறேன்.

நவம்பர் 11

பனிமூட்டம். தெற்கே சைஸ்வெல் அணுமின் நிலையத்தின் வெள்ளைக் குவிமாடம்கூடத் தெரியவில்லை. கல் இருக்கிறது.

நவம்பர் 12

தேவாலயம் வரைக்கும் நடந்தார்! நடுவில் இரண்டு தடவை நின்றார், நான் கையைப் பிடிக்கப் போனால் "விடு, நானே வர்றேன்" என்றார். இது 1830-களில் ஊர் மேற்கே ஒதுங்கிய பிறகு கட்டின தேவாலயம். வளாகத்துக்குள் தொழுநோயாளிகளுக்காக இருந்த மருத்துவமனையின் சிற்றாலயம், 12-ஆம் நூற்றாண்டு, அரைவட்டச் சுவர் மட்டும் நிற்கிறது. ஊருக்குள் சேர்க்கக் கூடாது என்று அவர்களை எல்லைக்கு வெளியே வைத்திருந்தார்கள். ஊர் போய்விட்டது, அவர்கள் கும்பிட்ட சுவர் நிற்கிறது. அவர் அந்தக் கல்லில் உள்ளங்கையை வைத்துக்கொண்டு ரொம்ப நேரம் நின்றார், நான் ஒன்றும் பேசவில்லை.

ஆல் செயின்ட்ஸின் முட்டுத்தூண் ஒன்றையும் விழுவதற்கு முன்பே பெயர்த்து இங்கே கொண்டுவந்து வைத்திருக்கிறார்கள். கொண்டுவர முடிந்ததைக் கொண்டுவந்திருக்கிறார்கள்.

திரும்பும்போது மூச்சு வாங்கியது. அதிகம் நடக்க வைத்துவிட்டேனோ. அதிகம்தான். நாளைக்கு வேண்டாம்.

நவம்பர் 13

தூக்கமில்லை, நாலு மணிக்கே எழுந்து உட்கார்ந்து படித்தேன். கடலுக்கடியில் தண்ணீர் சேறாகக் கலங்கி, முங்குபவர்களுக்குத் தன் கையே தெரியாதாம். அதனால் சவுத்தாம்ப்டன் பல்கலைக்கழகத்து ஆட்கள் 2008 முதல் சோனார் ஒலியை அனுப்பித் தேடியிருக்கிறார்கள். 1587-இல் ரால்ஃப் அகாஸ் வரைந்த ஊர்ப்படத்தை அதன்மேல் வைத்துப் பார்த்து, இது செயின்ட் பீட்டர்ஸ், இது செயின்ட் நிக்கோலஸ் என்று இடிபாடுகளை அடையாளம் சொல்லியிருக்கிறார்கள். 1587-இல் அந்த மனிதர் உட்கார்ந்து தெருத்தெருவாக வரைந்து வைத்தாரே, அவருக்கு என் நமஸ்காரம்.

விடிந்ததிலிருந்து மழை. மேட்டுக்குப் போகவில்லை. "கல்லைப் பார்த்தியா?" என்று இரண்டு தடவை கேட்டுவிட்டார். நாளைக்குக் கிளம்புவதற்கு முன்னால் ஓடிப் போய்ப் பார்த்துவிட்டு வருகிறேன் என்றேன். எட்டரைக்குக் கிளம்பினால்தான் சரியாக இருக்கும். ரசத்துக்குத் தக்காளி இல்லை, புளியை மட்டும் கரைத்து வைத்தேன்.